வாசல் மேடமும் மாடி சாரும்

இந்தக் கூட்டத்தைக் கூட்டியதோடு நில்லாமல், என்னையும் பேசச் சொல்லித் துணிச்சலின் எல்லையைத் தொட்டுவிட்ட பெருமதிப்பிற்குரிய சங்கத் தலைவர் அவர்களே! தலைவர் தலையசைக்கும்போதெல்லாம் தாமும் தலையசைத்து, தலைவர் தும்மினால் தாம் கைக்குட்டை எடுக்கும் அன்புச் செயலாளர் அவர்களே! பணி ஓய்வு பெற்ற பின்னும் பழக்கம் விடாமல், மண்டபத்துக்குள் நுழைந்ததும் கையெழுத்துப் போட எங்கே இடம் என்று தேடிய மூத்தோர்களே! குழாயைத் திருகினால் தண்ணீர் வரும் என்று இந்த ஊர் இன்னும் நம்புவதற்குக் காரணமான பம்ப் ஆபரேட்டர்களே, ஃபிட்டர்களே, பள்ளம் தோண்டும் பெருந்தகைகளே, தோண்டிய பள்ளத்தை மூட மறந்த பெருந்தகைகளே! தாய்மார்களே, தமக்கைகளே! இவன் இன்றைக்கு என்ன உளறி வைக்கப் போகிறானோ என்ற கவலையோடு முதல் வரிசையில் வந்து அமர்ந்திருக்கும் என் மாமியார் அவர்களே! உங்கள் அனைவர்க்கும் என் அன்பு கனிந்த, அடக்கம் நிறைந்த வணக்கம்.

கடைசி வரிசைகளில் இருக்கும் நண்பர்களுக்கு மட்டும் தனி வணக்கம். ஏனென்றால் முன்வரிசைக்காரர்கள் இதற்குள் இரண்டு தடவை கொட்டாவி விட்டுவிட்டார்கள். கடைசி வரிசைகளைப் பாருங்கள்! என்ன அமைதி! என்ன கட்டுப்பாடு! செவிச்செல்வம் என்பது அங்கேதான் குடியிருக்கிறது.

என்னைத் தெரியாதவர்களுக்காக ஒரு வார்த்தை. நம் குடிநீர் அலுவலகத்தில் நான் கண்காணிப்பாளர். பணி ஓய்வு விழாக்களில் என்னைப் பேசக் கூப்பிடுவார்கள். ஓய்வு பெறுகிறவர் இவ்வளவு நல்லவரா என்று அவருடைய மனைவியே சந்தேகப்படும் அளவுக்குப் பேசிவிட்டு, வடையை... மன்னிக்கவும், கொடுத்ததை வாங்கிக்கொண்டு வீடு திரும்புவேன். அப்படிப்பட்ட வாய் இது. ஆனால் இன்று இந்த வாய் வழக்கமான வேலைக்கு வரவில்லை. இன்று ஒரு நியாயம் கேட்க வந்திருக்கிறது. பறிக்கப்பட்ட பணிமூப்பைப் பறிகொடுத்தவரிடமே திருப்பிக் கொடுங்கள் என்று கேட்க வந்திருக்கிறது.

யாருக்காக? என் மனைவிக்காக.

ஆ! எழுந்துவிட்டது முணுமுணுப்பு! "சொந்தப் பெண்டாட்டிக்குப் பேசுறான்யா" என்று மூன்றாவது வரிசையில் யாரோ சொன்னது என் காதில் விழுந்தது. யார் என்றும் தெரியும். நம் சுருட்டைத் தம்பி. வேலைக்குச் சேர்ந்தபோது அவன் தலையில் சுருள் சுருளாக முடி இருந்தது. இப்போது முடி போய்விட்டது, பெயர் மட்டும் பணியில் தொடர்கிறது. தம்பி, பொறு. நான் கேட்கும் நியாயம் கிடைத்தால் முதலில் நஷ்டப்படப் போகிறவன் யார் தெரியுமா? நான். இரண்டாவது நீ. நஷ்டப்படப் போகிறவனே மேடையேறி நஷ்டத்தை வேண்டுகிற அதிசயத்தை இந்த மண்டபம் இதுவரை பார்த்திருக்குமா? பார்க்கட்டும்!

கதைக்கு வருகிறேன்.

நான் வேலைக்குச் சேர்ந்த நாளில் என் மனைவி எனக்குப் பணியில் மூத்தவர். முழுக்கைச் சட்டை, படிய வாரிய தலை, பயந்த முகம். இவையே என் தகுதிகள். மேலதிகாரி என்னைப் புகார்ப் பிரிவுக்கு அனுப்பி, அங்கே இருக்கும் மேடத்திடம் வேலை கற்றுக்கொள் என்றார். போனேன்.

"புதுசா?"

"ஆமாங்க மேடம்."

"பேனா இருக்கா?"

"இல்லீங்க மேடம்."

"எழுதற வேலைக்குப் பேனா இல்லாம வந்திருக்கீங்க. ரொம்ப நல்லா வருவீங்க. இந்தாங்க, சாயங்காலம் திருப்பிக் குடுத்துடணும்."

அவையோரே, அந்தப் பேனாவை நான் திருப்பிக் கொடுக்கவில்லை. நாளைக்குத் தருகிறேன், மறுநாள் தருகிறேன் என்று பேச்சு வளர்ந்தது. பேச்சு வளர்ந்து பழக்கமானது. பழக்கம் முற்றிக் கல்யாணமானது. மாமியார் அவர்களே, இன்றுதான் உங்களுக்கு உண்மைக் காரணம் தெரிகிறது. அந்தப் பேனாவைத் திருப்பிக் கேட்டு வாங்கியிருந்தால் உங்கள் மகள் தப்பித்திருப்பார்.

அவர் எனக்குக் கற்றுக்கொடுத்த முதல் பாடம் எது தெரியுமா? "யாரு வந்தாலும் முதல்ல உட்காரச் சொல்லுங்க. நின்னுக்கிட்டே பேசறவங்க பாதிதான் சொல்லுவாங்க, மீதியை வீட்டுக்கே கொண்டுபோயிடுவாங்க." இந்தச் சுருட்டைக்கும் இதே பாடம், இதே வாயால்தான். இல்லை என்று சொல்லட்டும் பார்ப்போம்!

பிறகு அலுவலகம் விரிந்தது. புகார் வாங்கும் கவுன்ட்டர்கள் பிரிக்கப்பட்டன. அவருக்கு வாசலை ஒட்டிய கவுன்ட்டர். எனக்கு மாடியில், அதுவும் கடைசி மாடியில், நீளமான நடையின் கோடியில் ஒரு கவுன்ட்டர். அவருக்கு 'வாசல் மேடம்' என்று பெயர் வந்தது. எனக்கு 'மாடி சார்'. லிஃப்ட் இருந்ததா? இருந்தது. ஓடியதா? நல்ல கேள்வி! 'லிஃப்ட் பழுது' என்று ஒரு பலகை தொங்கியது. வெயிலில் அந்தப் பலகையின் எழுத்து அழிந்தபோது, நிர்வாகம் உடனடியாக, போர்க்கால வேகத்தில், புதிய பலகை மாட்டியது. லிஃப்ட்டை விட்டுவிட்டுப் பலகையைப் பழுதுபார்த்த பெருமை நமக்கே உரியது!

குழாயில் தண்ணீர் வராத மனிதன், வெயிலில் நடந்து வந்த மனிதன், அத்தனை படியேறி என்னிடம் வருவானா? ஒருவர் வந்தார், சொல்கிறேன். உடம்பு கொஞ்சம் பெருத்தவர். கைப்பிடியைப் பிடித்துப் பிடித்து, நடையின் கோடிவரை வந்து, என் எதிரே நின்று வாயைத் திறந்தார். சத்தம் வரவில்லை. மூச்சுதான் வந்தது. நாற்காலியைக் காட்டினேன். குடிக்கத் தண்ணீர் கொடுத்தேன். குடித்தார். இன்னும் கேட்டார். குடித்தார். "சொல்லுங்க சார்" என்றேன். என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு, "தண்ணி நல்லா இருக்குதுங்க. கீழ அந்தம்மாகிட்டயே சொல்லிக்கறேன்" என்று இறங்கிப் போய்விட்டார். என் கவுன்ட்டருக்கு வந்தது ஒரு புகார். அதுவும் பாராட்டாக மாறிப் படியிறங்கிவிட்டது!

வாசலில் என்ன நடந்தது? ஒருநாள் ஓய்வு பெற்ற பேருந்து ஓட்டுநர் ஒருவர் ஒரு கண்ணாடிப் பாட்டிலைக் கொண்டுவந்து டங்கென்று மேசையில் வைத்தார்.

"இது என்னன்னு சொல்லும்மா பார்ப்போம்."

"டீயாங்க?"

"டீயா இருந்தா நான் ஏம்மா இங்க வரேன்? குழாயில வந்ததும்மா! பேத்தி குளிக்க மாட்டேங்குது. குளிச்சா அழுக்காயிடுவேன்னு அழுவுது."

"உட்காருங்கய்யா. எந்தத் தெரு? பக்கத்து வீட்டுலயும் இப்படித்தானா?"

"தெரு பூராவும் இப்படித்தான். சொன்னா என்ன ஆவப்போவுதுன்னு ஒருத்தனும் வரல."

"அவங்க வரலேன்னா போகட்டும். வீட்டு நம்பரை வரிசையாச் சொல்லுங்க, நான் எழுதிக்கறேன்."

கேட்டீர்களா! வந்தது ஒருவர். எழுதியது தெருவுக்கே! அவர் ஒரு புகாரோடு வருவார். இவர் ஒரு தெருவையே பதிந்து அனுப்புவார். ஃபிட்டர்கள் போனார்கள், சாக்கடையோடு உறவாடிக்கொண்டிருந்த குழாயைக் கண்டுபிடித்தார்கள், பிரித்தார்கள், மாற்றினார்கள். பேத்தி குளித்தாள். இதுதான் வேலை என்று நீங்கள் நினைப்பீர்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் நம் அலுவலகம் என்ன நினைத்தது?

எங்களுக்கு ஓர் அதிகாரி இருந்தார். 'அமைதி ஐயா' என்று எல்லோரும் சொல்வோம். கெட்டவர் அல்லர். கடுஞ்சொல் அறியாதவர். மின்விசிறி கிரீச்சிட்டால்கூட நிறுத்திவிட்டு வியர்வையில் உட்கார்ந்திருப்பார். அமைதி, அமைதி, எங்கும் அமைதி! அதுதான் அவருடைய ஆசை. எந்தக் கவுன்ட்டரில் புகார் குறைவோ அதுவே சிறந்த கவுன்ட்டர் என்பது அவருடைய அசைக்க முடியாத நம்பிக்கை. ஆண்டு முடிவில் ஊழியர்களுக்கு மதிப்பீடு எழுதும் நேரம் வந்தால், கவுன்ட்டர்களை அந்தக் கணக்கில்தான் வரிசைப்படுத்துவார். ஒருநாள் என் மனைவியைக் கூப்பிட்டனுப்பினார். நானும் அந்த அறையில் வேறொரு கையெழுத்துக்காக நின்றுகொண்டிருந்தேன்.

"ஏம்மா, உங்க கவுன்ட்டர்ல மட்டும் ஏன் இவ்வளவு புகார்?"

"புகார் வாங்கத்தானே சார் கவுன்ட்டர்?"

"வாங்கலாம்மா. அதுக்காக இவ்வளவா? பக்கத்துக் கவுன்ட்டரைப் பாருங்க, எவ்வளவு அமைதி."

"அவர் 'சரி பண்ணிடலாம் போங்க'ன்னு சொல்லி அனுப்பிடறார் சார். எழுதறதில்ல."

"பாருங்க, பேசியே சரி பண்ணியிருக்கார். அது ஒரு திறமை. அதை விடுங்க. மேல பாருங்க, உங்க வீட்டுக்காரர். ஒரு புகார் உண்டா? மனுஷன்னா அப்படி இருக்கணும்!"

அப்போது என் மனைவி என்னை ஒரு பார்வை பார்த்தார். கல்யாணமானவர்களுக்கு அந்தப் பார்வை புரியும். ஆகாதவர்கள் காத்திருங்கள்.

"சார், மேல லிஃப்ட்டு..." என்று நான் தொடங்கினேன்.

"தன்னடக்கம்! இதுதான் உங்ககிட்ட எனக்குப் பிடிச்சது" என்று என் தோளைத் தட்டினார் அமைதி ஐயா. முடிந்தது.

எழுதினார். எனக்கு 'மிக நன்று'. பேசியே அனுப்பியவருக்கு 'நன்று'. சுருட்டை அப்போது கிடங்கில் இருந்தான். கிடங்குக்கு யார் புகார் கொண்டு போவார்கள்? அவனுக்கும் 'மிக நன்று'. வாசலில் உட்கார்ந்து, வந்தவரையெல்லாம் உட்காரவைத்து, வராதவரின் வீட்டையும் கேட்டு எழுதியவருக்கு? 'சுமார்'.

ஓர் ஆண்டு அல்ல; ஆண்டுக்கு ஆண்டு! கேட்டதற்குச் சுமார்! எழுதியதற்குச் சுமார்! ஊர் வாயை மூடாததற்குச் சுமார்! காதைத் திறந்து வைத்த குற்றத்துக்குச் சுமார்! காது என்று ஒன்று இருப்பது தண்டனைக்குரியது என்றால், அவையோரே, நம் கவுன்ட்டர்களில் மனிதர்களை ஏன் வைக்கிறீர்கள்? மண் பொம்மைகளை வையுங்களேன்! அவற்றுக்குச் சம்பளமும் வேண்டாம், விடுப்பும் வேண்டாம், காதில் புகாரும் ஏறாது!

கைதட்டுகிறீர்கள், நன்றி. கடைசி வரிசைகள் மட்டும் கைதட்டவில்லை. உணர்ச்சிவசப்பட்டு உறைந்துபோயிருக்கிறார்கள். புரிகிறது.

அந்த மதிப்பீட்டை வைத்தே பதவி உயர்வு வந்தது. நான் கண்காணிப்பாளன் ஆனேன். எங்கே? வாசல் பிரிவுக்கே! எனக்கு வேலை கற்றுக்கொடுத்தவருக்கு நான் மேலதிகாரி. முதல் நாள் காலையில் உள்ளே நுழைகிறேன். எல்லோரும் எழுந்தார்கள். அவரும் எழுந்தார். அன்று காலை எனக்குச் சாப்பாடு கட்டிக் கொடுத்த அதே கை, மேசையில் ஊன்றி எழுந்தது.

"ஐயோ, உட்காரும்மா" என்றேன்.

"ஆபீஸ்ல ஆபீஸ் மாதிரி இருங்க சார்" என்றார்.

சார்! என்னை! வீட்டில் 'இங்க பாருங்க' என்பதைத் தவிர வேறு பெயரில்லாத என்னை!

அதன்பிறகு என் பாடு சிரிப்பாய்ச் சிரித்தது. மகளுக்குக் காய்ச்சல். இரண்டு பேருமே கண்விழித்துப் பார்த்துக்கொண்டோம். காலையில் அவருடைய விடுப்புக் கடிதம் என் மேசைக்கு வருகிறது. 'என் மகளுக்கு உடல்நிலை சரியில்லாததால்' என்று எழுதியிருக்கிறார். நான் உட்கார்ந்து ஆலோசிக்கிறேன், அனுமதிக்கலாமா என்று! சாயங்காலம் வீட்டில், "லீவ் குடுத்ததுக்கு ரொம்ப நன்றிங்க சார். அந்தப் பாத்திரத்தைக் கழுவி வெச்சிட்டு வாங்க" என்று உத்தரவு வந்தது. கழுவினேன். கண்காணிப்பாளனாகக் கழுவினேன்.

சிரியுங்கள். நானும் சிரித்துக்கொண்டுதான் இருந்தேன். ஆனால் ஒன்றைப் பார்த்துச் சிரிக்க முடியவில்லை. நம் அலுவலக வருகைப் பதிவேட்டில் பெயர்கள் பணிமூப்பு வரிசையில் இருக்கும், உங்களுக்குத் தெரியும். காலையில் வந்ததும் பேனாவைத் திறந்து நம் பெயரைத் தேடுவோம். அவருடைய பெயர் இறங்கிக்கொண்டே போனது. முதலில் எனக்குக் கீழே. அப்புறம் பதவி உயர்ந்த சுருட்டைக்குக் கீழே. அப்புறம் யார் யாருக்கு உட்காரச் சொல்லிக் கற்றுக்கொடுத்தாரோ, அவரவருக்கெல்லாம் கீழே. மேலே தொடங்கிய விரல் கீழே, கீழே, இன்னும் கீழே போய்த் தன் பெயரைக் கண்டுபிடிக்கும். ஒரு நாளும் முகம் சுளித்ததில்லை. கையெழுத்துப் போட்டுவிட்டு, வாசலுக்குப் போய், முதலில் நிற்கிறவரைப் பார்த்து, "உட்காருங்க" என்பார்.

பிறகு எங்கே உடைந்தது? வீட்டில் உடைந்தது. மகள் பள்ளியிலிருந்து மதிப்பெண் அட்டை கொண்டுவந்தாள். கணக்கில் 'சுமார்' என்று ஆசிரியர் எழுதியிருந்தார். நான் அப்பனல்லவா, குரலை உயர்த்தினேன்.

"என்னடி இது, சுமார்? வெட்கமா இல்ல?"

அவள் என்னைப் பார்க்கவில்லை. அம்மாவைப் பார்த்தாள்.

"அம்மாவும்தானே சுமார். நீங்கதானே அன்னிக்குப் பாட்டிகிட்ட சொல்லிட்டிருந்தீங்க."

அடுப்படியில் குக்கர் விசிலடித்தது. என் மனைவி அடுப்பை அணைத்தார். மகளைக் கூப்பிட்டு, மதிப்பெண் அட்டையில் கையெழுத்துப் போட்டார். பிறகு மெதுவாகச் சொன்னார்: "உனக்கு வந்தது உன் கணக்கு. திருத்திக்கலாம். எனக்கு வந்தது என் கணக்கு இல்லம்மா."

மறுநாளே மேல்முறையீடு செய்தார்.

தாய்மார்களே, பதவிக்காகப் போராடியிருந்தால் எப்போதோ போராடியிருப்பார். ஒரு பெண் தன் மகளின் கண்ணில் தன் பெயரைத் திருத்த விரும்பினார். அவ்வளவுதான். அது பேராசையா? அது பெருங்குற்றமா?

விசாரணை நடந்தது. மேல்முறையீட்டு அதிகாரி ஓர் அம்மையார். கண்ணாடிக்கு மேலாக ஆளைப் பார்ப்பவர். என்னையும் சாட்சிக்குக் கூப்பிட்டார்கள். நான் வீட்டிலேயே அழகான சொற்பொழிவு ஒன்றைத் தயார் செய்து, கண்ணாடி முன் நின்று ஒத்திகை பார்த்துக்கொண்டு போயிருந்தேன். அவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"உங்க கவுன்ட்டர்ல ஏன் புகாரே வரல?"

என் உவமைகள் பறந்தன, உருவகங்கள் உதிர்ந்தன. வாயில் வந்தது ஒரே சொல்.

"லிஃப்ட்டுங்க மேடம்."

அறையே சிரித்தது. அம்மையார் சிரிக்கவில்லை. எழுந்தார். நேராக நம் அலுவலகத்துக்கு வந்தார். படியேறினார். நான் பின்னாலேயே ஏறினேன். பாதி வழியில் கைப்பிடியைப் பிடித்தார். முக்கால் வழியில் கண்ணாடியைக் கழற்றினார். என் பழைய கவுன்ட்டருக்கு முன்னால் போய் நின்று பேச முயன்றார், மூச்சுதான் வந்தது. தண்ணீர் கொடுத்தேன். குடித்துவிட்டு, "போதும்... எழுதிடறேன்..." என்றார். என் வாழ்நாளில் நான் ஆற்றிய மிகச் சிறந்த சொற்பொழிவு அந்த ஒற்றைச் சொல்தான். அதன்பின் பேசிய எல்லாமே, இதையும் சேர்த்து, அதற்கு அடிக்குறிப்பு.

தீர்ப்பு வந்தது. 'சுமார்' நீக்கப்பட்டது. அவர் செய்த வேலையே சரியான வேலை என்று எழுதப்பட்டது. பதவி உயர்வும் கொடுத்தார்கள். மகள் அந்த உத்தரவைச் சத்தம் போட்டு வாசித்தாள். மாமியார் அழுதார். நான் பாத்திரம் கழுவினேன்.

சரி, அப்புறம் எதற்கு இந்தக் கூட்டம் என்கிறீர்களா? இங்கேதான் இருக்கிறது வஞ்சகம் இல்லாத வஞ்சனை! பதவி உயர்வு கொடுத்தார்கள். ஆனால் பணிமூப்பை உத்தரவு போட்ட நாளிலிருந்துதான் கணக்கிடுவார்களாம். வரிசையில் முன்னால் நின்ற ஒருவரை இழுத்து வெளியே தள்ளுகிறீர்கள். பிறகு ஓடிவந்து, அம்மா, தப்பு எங்களுடையது, நீங்கள் நின்றது சரியான இடம்தான் என்று கையைப் பிடித்துக்கொள்கிறீர்கள். கையைப் பிடித்து எங்கே கூட்டிப் போகிறீர்கள்? வரிசையின் வாலுக்கு! தப்பு உங்களுடையது என்றால் தாமதம் மட்டும் அவருடையதா? மன்னிப்பு உங்களுடையது, மறுபடி நிற்கும் கால் மட்டும் அவருடையதா? இது நியாயமா? நீங்களே சொல்லுங்கள், இது நியாயமா?

இல்லை என்று முன்வரிசை முழங்குகிறது. நன்றி!

இன்னும் கேளுங்கள். புகார்ப் பிரிவின் மேலாளர் நாற்காலி காலியாகப் போகிறது. அது பணிமூப்பில் முதலில் இருப்பவருக்குப் போகும். மூப்பைத் திருப்பிக் கொடுத்தால் அந்த நாற்காலி அவருக்கு. கொடுக்காவிட்டால் யாருக்கு? இந்த முகரைக்கு! மாடியில் உட்கார்ந்திருந்த ஒரே காரணத்தால் மிக நன்று வாங்கிய இந்த மாடி சாருக்கு! என் மாமியார்கூட ஒருநாள் சமாதானம் பேசினார். "ஏன்மா, மாப்பிள்ளைக்கு வந்தாலும் நம்ம வீட்டுக்குத்தானே வருது? அவர் உட்கார்ந்தா என்ன, நீ உட்கார்ந்தா என்ன?" என்றார். என் மனைவி காய் நறுக்கிக்கொண்டே சொன்னார்: "வீட்டுக்கு எது வேணா வரட்டும்மா. எனக்கு வர வேண்டியது எனக்கு வரணும்."

"ஆமா, மேலாளர் ஆனா அப்படி என்னதான் பண்ணப்போறே?" என்று நான் வம்புக்குக் கேட்டேன். "எல்லாக் கவுன்ட்டரையும் வாசலுக்குக் கொண்டு வந்துடுவேன். படியேற முடியாதவங்க வீட்டுலயும் குழாய் இருக்குதுல்ல?" என்றார். நான் மேலாளரானால் என்ன செய்வேன் என்று என்னையே கேட்டுப் பார்த்தேன். புதிய பலகை மாட்டுவேன் என்றுதான் தோன்றியது.

என்ன தம்பி? சுருட்டை எழுந்துவிட்டான். சொல்லுப்பா, சத்தமாகவே சொல். "நாங்க என்னண்ணே தப்பு பண்ணோம்? நாங்க ஏன் இறங்கணும்?" என்கிறான்.

நியாயமான கேள்வி. யாரும் சிரிக்காதீர்கள். நீ ஒரு தப்பும் செய்யவில்லை, தம்பி. கிடங்கில் ஒழுங்காகத்தான் வேலை பார்த்தாய். உன் சம்பளத்தில் ஒருவரும் கைவைக்கப் போவதில்லை. உன் பதவியும் அப்படியே இருக்கும். வரிசையில் ஓர் இடம் பின்னால் போவாய், அவ்வளவுதான். வலிக்கும், எனக்கும்தான் வலிக்கிறது. மேலாளர் என்று பெயர்ப்பலகை எழுத, எந்த நிறம் எடுப்பாக இருக்கும் என்றுகூட மனத்துக்குள் பார்த்து வைத்திருந்தேன். ஆனால் ஒன்று சொல். கூட்டமான பேருந்தில் யாரோ ஒரு அக்காவை எழுப்பிவிட்டு உன்னை அந்த இடத்தில் உட்காரவைக்கிறார்கள். உனக்குத் தெரியாது. உட்கார்ந்துவிட்டாய். உன் தப்பில்லை. அப்புறம் விஷயம் தெரிகிறது. அந்த அக்கா பக்கத்திலேயே கம்பியைப் பிடித்து நிற்கிறார். நான் தப்பு செய்யவில்லையே என்று சன்னல் பக்கம் திரும்பிக்கொள்வாயா? அந்த அக்கா யார்? நீ வேலைக்கு வந்த நாளில், கையெழுத்து எங்கே போடுவது என்று தெரியாமல் விழித்தபோது விரல் வைத்துக் காட்டியவர். நான் என்னத்தைச் சொல்ல. நீ அவரை இன்றைக்கும் அக்கா என்றுதான் கூப்பிடுகிறாய்.

உட்காரவில்லை, நின்றுகொண்டே யோசிக்கிறான். யோசிக்கட்டும்.

நண்பர்களே! மூப்பை மாற்றினால் பாதிக்கப்படுகிறவர்கள் ஆட்சேபணை இருந்தால் சொல்லலாம் என்று நிர்வாகம் கேட்டிருக்கிறது. ஒருவர் ஆட்சேபித்தாலும் விவகாரம் மேசைக்கு மேசை நகரும், அறைக்கு அறை உறங்கும். அது கண்விழிப்பதற்குள் அவர் ஓய்வு பெற்றுவிடுவார். பிறகு என்னை மேடையேற்றி, அவரைப் புகழ்ந்து பேசச் சொல்வீர்கள். என்னால் முடியாது! அவருடைய ஓய்வு விழாவில், அவருக்கு உரிய நாற்காலியில் உட்கார்ந்திருந்தவன் நான் என்று தெரிந்துகொண்டு, என்னால் ஒரு நகைச்சுவைகூடச் சொல்ல முடியாது!

ஆகவே, இந்த அவையின் முன், தலைவர் அவர்களின் முன், எனக்கு ஆட்சேபணை இல்லை என்று இதோ கையெழுத்துப் போடுகிறேன். போடு... கிறேன்... தலைவரே, பேனா இருக்கிறதா? செயலாளரே? சரிதான். இத்தனை வருஷத்தில் இந்த ஒன்று மட்டும் மாறவில்லை.

அதோ, சுருட்டை வருகிறான். வெளியே போகவில்லை, மேடைக்கு வருகிறான்! "தள்ளுங்கண்ணே, எங்கிட்ட பேனா இருக்கு. அக்கா அன்னிக்கே சொல்லிக் குடுத்துட்டாங்க" என்கிறான். எனக்கு முன்னால் அவனே போட்டுவிட்டான்! அந்தப் பேனாவை இப்படிக் கொடு. போட்டாயிற்று. நானும் போட்டாயிற்று. மற்றவர்களும் வருகிறார்கள். வாருங்கள், வரிசையில் வாருங்கள். இந்த வரிசையிலாவது யாரும் யாரையும் தள்ள வேண்டாம்!

கைதட்டுகிறது மண்டபம். கடைசி வரிசைகள் மட்டும் இன்னும் அதே... அட. என் மனைவி எங்கே? இவ்வளவு நேரம் மாமியார் பக்கத்தில்தானே இருந்தார்? அதோ, கடைசியில் நிற்கிறார். ஒருவர் முன்னால் குனிந்து ஏதோ கேட்டுக்கொண்டிருக்கிறார். என்னம்மா, அங்கே என்ன?

என்னது?

அவையோரே, என் மனைவி அங்கிருந்து சொல்வதை உங்களுக்கு அப்படியே ஒப்பிக்கிறேன். "பின்னாடி ஸ்பீக்கர் ஆரம்பத்துலேருந்தே வேலை செய்யலியாம். கடைசி வரிசைங்களுக்கு ஒரு வார்த்தைகூடக் கேக்கலியாம். கையத் தூக்கினாங்களாம், உட்காரச் சொல்லி அமுக்கிட்டாங்களாம்."

ஐயோ! அமைதி, அமைதி என்று எத்தனை தடவை பாராட்டினேன்! செவிச்செல்வம் அங்கே குடியிருக்கிறது என்றேனே! தலைவர் அவர்களே, எனக்கு இப்போது ஒரு மதிப்பீடு எழுதுங்கள். 'சுமார்' என்றே எழுதுங்கள், மேல்முறையீடு செய்யமாட்டேன். ஆனால் இன்று இந்த மண்டபத்தில் மேடையிலிருந்த ஒருவருக்கும் தெரியாதது, எழுந்து பின்னால் போய்க் கேட்ட ஒருவருக்குத்தான் தெரிந்தது. அந்த ஒருவருக்குத்தான் அந்த நாற்காலி உரியது. இதற்கு மேல் ஆதாரம் வேண்டுமா? வேண்டுமா?

ஒலிபெருக்கித் தம்பி, நீ சரிசெய்துகொண்டிரு. நான் மைக்கை வைத்துவிட்டுத் தொண்டையாலேயே சொல்கிறேன். கடைசி வரிசைப் பெருமக்களே! கேட்கிறதா? கையைத் தூக்குங்கள்! நான் இவ்வளவு நேரம் சொன்னது ஒரே விஷயம்தான்: உங்களைப் போலக் கையைத் தூக்கியவர்களிடமெல்லாம் போய்க் கேட்டதற்காக, உங்கள் பக்கத்தில் நிற்கும் அந்த அம்மாளைப் பின்னால் தள்ளிவிட்டார்கள். அவரை முன்னால் வரவிடுங்கள்!

எழுந்து வழிவிடுகிறார்கள். வருகிறார்.

வாங்க மேடம். இங்கே உட்காருங்க. உங்க பேனா வீட்டில் இருக்கிறது, சாயங்காலம் தந்துவிடுகிறேன்.

பொறுமையோடு கேட்ட முன்வரிசைக்கும், கேட்காமலே பொறுத்த பின்வரிசைக்கும், பேனா கொடுத்த தம்பிக்கும், இன்று இரவும் எனக்குச் சோறு போடுவார்கள் என்று நம்பும் என் வீட்டாருக்கும் நன்றி கூறி, கைகூப்பி, இந்த மேடையிலிருந்து இறங்குகிறேன். வணக்கம்.